குர்திஸ்தானுக்குப் போன கல்

சித்தூருக்கு வெளியே, வேலூர் ரோட்டில் இருக்கும் ஒரு கிரானைட் பட்டறையின் எழுத்துப் பிரிவில் பதினோரு வருடம் வேலை பார்த்தேன். போன வருடம் அந்தப் பிரிவையே எடுத்துவிட்டார்கள். கல் வாங்குகிறவர்கள் இப்போது எழுத்தை அவரவர் ஊரிலேயே வரைந்து, மெஷினுக்கு நேராகப் போகும் ஃபைலாக அனுப்பிவிடுகிறார்கள். நான் திருப்பதியில் வேறு வேலைக்கு வந்துவிட்டேன். எனக்கு வயது முப்பத்து மூன்று. ஆனாலும் பட்டறையில் மெஷின் பார்க்கும் பெண்கள் போன் செய்தால் "ரிடையர்டு அக்கா" என்றுதான் கூப்பிடுகிறார்கள்.

அவர்களில் ஒருத்தி கலைவாணி. போன மாதம் அவள் கேட்டாள்: "ஃபைலைத்தான் அவங்களே அனுப்பிடறாங்களே. அப்போ அந்த ரூமுல உக்காந்துகினு நீங்கள்லாம் இன்னாக்கா பண்ணிக்கினு இருந்தீங்க?"

கேலிதான். ஆனால் கேள்வி நியாயமானது. அதற்குப் பதில் சொல்லவே இதை எழுதுகிறேன்.

எங்கள் ஊர் குடிபாலா பக்கம். பட்டறையிலிருந்து பார்த்தால் தமிழ்நாட்டு எல்லைக்குக் கொஞ்சம் இந்தப் புறம். நைனா கல் குவாரியில் துளை போடும் வேலை செய்தவர். அம்மா கூலிக்கு நாற்று நட்டவர். இப்போது குத்தகை நிலத்தில் தக்காளி போடுகிறார்கள். எங்கள் வீட்டில் முதலில் கையெழுத்துப் போட்ட ஆள் நான். அதையும் தமிழ், தெலுங்கு, இங்கிலீஷ் என்று மூன்று எழுத்திலும் போடுவேன். பத்தாவது வரை தமிழ் மீடியம், அப்புறம் சித்தூரில் டிப்ளமோ. வேலைக்குச் சேர்ந்த முதல் வருடத்தைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. சொன்னதைச் செய்தேன், செய்ததைத் திரும்பச் செய்யச் சொன்னார்கள், திரும்பச் செய்தேன்.

பட்டறையில் செய்வது கல்லறைக் கல். கறுப்பு கிரானைட்டைக் கண்ணாடி மாதிரி பாலிஷ் போட்டு வெளிநாட்டுக்கு அனுப்புவார்கள். சில கற்கள் மொட்டையாகப் போகும். சிலவற்றில் பெயர், தேதி, பிரார்த்தனை எல்லாம் இங்கேயே வெட்டி அனுப்பவேண்டும். அந்த எழுத்துதான் எங்கள் பொறுப்பு. வாடிக்கையாளர் அனுப்பும் வாசகத்தை முழு அளவில் தாளில் அச்செடுத்து அவருக்கே திரும்ப அனுப்புவோம். அவர் சரி சொன்ன பிறகு பிளாட்டர் மெஷின் அதைத் தடித்த ரப்பர் ஷீட்டில் வெட்டும். ஷீட்டைக் கல்லில் ஒட்டி, எழுத்து இருக்கும் இடத்து ரப்பரை மட்டும் ஊசியால் குத்தி எடுப்போம். மேலே காற்றோடு சேர்த்து மணலைப் பீய்ச்சி அடித்தால், ரப்பர் மூடிய இடத்தில் பாலிஷ் அப்படியே இருக்கும், திறந்த இடத்தில் கல் குழியும். அந்தக் குழிதான் எழுத்து. ஒருமுறை குழிந்தால் குழிந்ததுதான்.

பிரிவுக்குத் தலைமை வசந்தா மேடம். திருப்பதியிலிருந்து தினமும் பஸ்ஸில் வருவார். யாரையும் நம்பமாட்டார், தன்னையும் சேர்த்து. அச்சில் வந்த வாசகத்தை முதலிலிருந்து படிக்கவே விடமாட்டார். கடைசி எழுத்தில் தொடங்கி பின்னோக்கி வரவேண்டும். முன்னாலிருந்து படித்தால் புத்தி தானாகவே நிரப்பிக்கொண்டு போய்விடும் என்பது அவர் கணக்கு. எங்களுக்கு வந்த மொழிகளில் பாதி எங்களுக்குத் தெரியாது. அது அவருக்கு வசதியாகவே இருந்தது. ஒருவர் மூலத்தைப் பார்த்து எழுத்தின் உருவத்தைச் சொல்லவேண்டும், இன்னொருவர் அச்சில் விரல் வைத்துத் தேடவேண்டும். "பானை. பானைக்கு மேலே ரெண்டு புள்ளி. பக்கத்துல ஒரு கொக்கி. கொக்கிக்குக் கீழே ஒண்ணுமில்ல." வெளியே நின்று கேட்கிறவர்களுக்குச் சந்தைக்கடைப் பேச்சு மாதிரி இருக்கும்.

தப்பு என்ற வார்த்தையை அவர் சொன்னதில்லை. தப்பு இருந்தால் தாளை நம் பக்கம் திருப்பி வைத்துவிட்டு மோர் குடிக்கப் போய்விடுவார். திரும்பி வரும்போது நாமே கண்டுபிடித்திருக்கவேண்டும்.

மணல் அடிப்பவர் செங்கல்ராயன் அண்ணன். நான் முதன்முதலில் தனியாகக் கையெழுத்திட்ட கல்லை அவர் தொடவில்லை.

"நேத்து வந்த பொண்ணு கீச்சிக் குடுத்ததை நம்பி நான் அடிக்கணுமா? மேடம் கையெழுத்து எங்கே?"

"மேடம் லீவுண்ணா. இன்னிக்கு என் கையெழுத்துதான்."

"அப்போ கல்லும் இன்னிக்கு லீவு."

நான் அங்கேயே ஒரு ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்தேன். மத்தியானச் சாப்பாட்டு மணி அடிக்கும் வரை அவர் கம்ப்ரசரைத் துடைத்தார், நான் கல்லைப் பார்த்துக்கொண்டிருந்தேன். கடைசியில் முகமூடியை எடுத்து மாட்டிக்கொண்டு, "குவாரிக்காரன் பொண்ணு, கல்லு மாதிரிதான் இருக்கும்" என்றார். அன்றைக்குப் பிறகு எங்களுக்குள் பிரச்சனை வந்ததில்லை.

இனி ஆசாத் விஷயம்.

அது இரண்டாயிரத்துப் பதினேழு, கோடை. ஆசாத் ஈராக்கின் வடக்கே எர்பில் என்ற நகரத்துக்காரர். அதற்குச் சில வருடம் முன்னால் திருப்பதியில் தங்கி எம்.பி.ஏ. படித்தவர். இப்போது ஊரில் அடுக்குமாடி வீடு கட்டி விற்கிறார். சமையலறை மேடைக்கு ஒரு கண்டெய்னர் கல் வாங்க வந்திருந்தார். அலுவலகத்துக்குள் நுழைந்ததும் "பாகுன்னாரா?" என்று தெலுங்கில் நலம் விசாரித்தார். வசந்தா மேடம் கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பார்த்தார்.

செங்கல்ராயன் அண்ணனுக்கு வெளிநாட்டுக்காரர் என்றால் ஆர்வம். அவர் கேட்டதை நான் தெலுங்கில் சொன்னேன்.

"நீங்க அரபுக்காரரா?"

"இல்ல. குர்து."

"அது எந்த நாடு?"

"நாலு நாடு. துருக்கியில கொஞ்சம், ஈரான்ல கொஞ்சம், ஈராக்ல கொஞ்சம், சிரியாவுல கொஞ்சம்."

"நாலு நாடு வச்சிருக்கிறவங்களா நீங்க?"

ஆசாத் சிரித்தார். "நாலு நாடு எங்களை வச்சிருக்கு."

சமையலறைக் கல் பேசி முடிந்த பிறகுதான் அவர் இன்னொரு கல்லைப் பற்றிச் சொன்னார். அவருடைய அப்பா அந்த வருடத் தொடக்கத்தில் இறந்துபோயிருந்தார். கிர்குக் நகரத்தில் பள்ளி வாத்தியார். குர்து மொழியில் பாடம் நடத்தியதற்காகப் பழைய அரசாங்கத்தின் காலத்தில் வேலை போனது, வீடு போனது, குடும்பத்தோடு எர்பிலுக்கு விரட்டப்பட்டார். கடைசி நாட்களில் மகனைக் கூப்பிட்டுச் சொன்னாராம்: "என் பேரு எழுதின எல்லாக் காகிதத்திலயும் ஈராக்குன்னுதான் இருக்கு. கல்லுல மட்டுமாவது குர்திஸ்தான்னு போடு." மகன் சரி என்று வாக்குக் கொடுத்திருக்கிறார்.

ஐந்து வரி. பெயர், பிறந்த ஊர், நாடு, இரண்டு தேதிகள், ஒரு பிரார்த்தனை. எழுத்து அரபு எழுத்து மாதிரி வலமிருந்து இடம் ஓடியது. சில எழுத்துகளின் தலையில் சின்னதாக ஒரு டிக் அடித்த மாதிரி குறி. அரபில் அது கிடையாது, குர்து மொழிக்காகச் சேர்த்தது என்றார். பின்னோக்கிப் படித்தோம். வசந்தா மேடம் தாளைத் திருப்பி வைக்கவில்லை.

அன்றைக்கு டீ குடிக்கும்போது ஆசாத் என்னிடம் கேட்டார். "நீங்க வீட்டுல பேசறது தமிழ். இருக்கறது ஆந்திரா. தமிழ்நாட்டோட சேரணும்னு உங்க ஆளுங்களுக்குத் தோணாதா?"

"பஸ் ஏறினா வேலூர் வந்துடும். வழியில யாரும் எதையும் கேக்கமாட்டாங்க" என்றேன்.

"எதையுமே?"

"டிக்கெட் கேப்பாங்க."

அவர் டீ கிளாஸைக் கீழே வைத்தார். "எங்க அம்மாவோட தம்பி துருக்கிப் பக்கம் இருந்தார். நடுவுல ஒரு மலைதான். அம்மா அவரைப் பாத்தது வாழ்க்கையில ரெண்டு தடவை."

எங்கள் நிலைமையும் அவர்களுடையதும் ஒன்று என்று நான் ஒருநாளும் சொல்லமாட்டேன். எனக்கு மூன்று மொழியில் கையெழுத்துப் போட முடிகிறது, மூன்றுக்கும் யாரும் வேலையைவிட்டுத் தூக்கவில்லை.

சிக்கல் சென்னையிலிருந்து வந்தது. கண்டெய்னரைக் கப்பலேற்றும் ஏஜென்ட் போன் செய்தார். வசந்தா மேடம் ஸ்பீக்கரில் போட்டார்.

"மேடம், கிச்சன் கல்லோட ஒரு கல்லறைக் கல்லும் போகுதாமே. அதுல இன்னா எழுதியிருக்கு?"

மேடம் சொன்னார்.

"அதை எடுத்துடுங்க. கல்லைச் சொல்லல, அந்த வார்த்தையை."

காரணம் சொன்னார். எர்பிலுக்குக் கடல் இல்லை. எங்கள் கல் துருக்கியின் தெற்குத் துறைமுகத்தில் இறங்கி, அங்கிருந்து லாரியில் துருக்கியைக் கடந்துதான் போகவேண்டும். வேறு வழி வேண்டுமென்றால் ஈராக்கின் தெற்கே பஸ்ரா பக்கம் இறக்கி பாக்தாத் வழியாகக் கொண்டுபோகலாம். அதுவும் வேண்டாமென்றால் ஈரான். செப்டம்பரில் குர்துகள் தனி நாடு வேண்டுமா என்று வாக்கெடுப்பு நடத்தப்போகிறார்கள். மூன்று வழியிலும் அந்த மூன்று அரசாங்கங்களும் கோபத்தில் இருக்கின்றன. "சாதாரண நாள்ல யாரும் திரும்பிக்கூட பாக்கமாட்டாங்க. இப்போ எவனாச்சும் பெட்டியைத் திறந்து அந்தப் பேரைப் பாத்தான்னா கண்டெய்னரே நின்னுடும். நான் பொறுப்பெடுக்கமாட்டேன்."

அந்தக் கண்டெய்னருக்காக ஆசாத்தின் கட்டடத்தில் முப்பது குடும்பம் காத்துக்கொண்டிருந்தது. கல்லறைக் கல்லை மட்டும் தனியாக அனுப்பலாமா என்றால், விமானத்தில் போகும் எடையா அது. வாக்கெடுப்பு முடியட்டும் என்று காத்திருக்கலாமா என்றால், முடிந்த பிறகு வழி திறந்தே இருக்கும் என்று யாரும் சொல்லவில்லை.

வசந்தா மேடம் அவர் வழியில் நியாயமாகத்தான் பேசினார். "ஊர் பேரோட நிறுத்திக்கலாம் சார். கிர்குக்குன்னு இருக்கட்டும். ஈராக்குன்னும் வேணாம், இன்னொண்ணும் வேணாம்."

"கிர்குக்னு மட்டும் இருந்தா படிக்கிறவன் ஈராக்குன்னுதானே படிப்பான்" என்றார் ஆசாத்.

அப்போது நான் சொன்னேன். அந்த ஒரு வரியை வெட்டாமல் விடலாம். பாலிஷ் அப்படியே இருக்கட்டும். அந்த வரிக்கு மட்டும் ரப்பர் ஷீட்டை வெட்டிக் கொடுத்தால் சார் சுருட்டிப் பெட்டியில் வைத்து விமானத்தில் எடுத்துப் போகலாம். எர்பிலில் கதவுக் கண்ணாடியில் பூ டிசைன் போடும் கடை இருக்கும். அவர்களிடமும் மணல் அடிக்கும் மெஷின்தான். கல்லை நட்ட பிறகு ஷீட்டை ஒட்டி, அங்கேயே அடித்துக்கொள்ளட்டும்.

"முடிக்காத கல்லை நான் வெளியே அனுப்பினதில்ல அம்மாயி" என்றார் மேடம். தெலுங்கில் அம்மாயி என்றால் பெண்ணே என்று அர்த்தம். அவர் அப்படிக் கூப்பிட்டால் கோபத்தில் இருக்கிறார் என்றும் அர்த்தம்.

"அனுப்பியிருக்கோம் மேடம். புருஷன் செத்துட்டு பொண்டாட்டி உயிரோட இருந்தா, அவங்க பேருக்குக் கீழே இடம் விட்டு அனுப்பறோமே. ஐரோப்பாவுக்குப் போற கல்லுல பாதி அப்படித்தானே?"

அவர் மோர் குடிக்கப் போனார். திரும்பி வந்து வேலைச் சீட்டில் 'ஒரு வரி இடம் விட்டது' என்று எழுதினார். கையெழுத்து மட்டும் என்னைப் போடச் சொன்னார். போட்டேன்.

இடம் விட்ட கல்லின் படத்தை அம்மாவிடம் காட்டிவிட்டுத்தான் சம்மதம் சொல்வேன் என்றார் ஆசாத். எங்கள் அலுவலகத்திலிருந்தே வீடியோ காலில் கூப்பிட்டார். வெள்ளை முக்காடு போட்ட அம்மா. பெரிய எடுப்பான மூக்கு, மகனுக்கும் அதே மூக்கு. படத்தைக் காட்டியதும் காலி இடத்தில் விரல் வைத்து ஏதோ கேட்டார். ஆசாத் முகம் சிவந்து வேகமாகப் பதில் சொன்னார். அம்மா இன்னொன்று கேட்டுவிட்டுச் சிரிக்க ஆரம்பித்தார்.

"இன்னா சொல்றாங்க?" என்று வாசலில் நின்ற செங்கல்ராயன் அண்ணன் கேட்டார்.

ஆசாத் சொன்னார்: "இந்த இடம் எனக்கான்னு கேட்டாங்க. இல்லம்மா, நாட்டுக்குன்னு சொன்னேன். அப்படின்னா நாடு எனக்கு முன்னாடி செத்துடுச்சான்னு கேக்கறாங்க."

மேடம் கூடச் சிரித்துவிட்டார். பிறகு அம்மா சொன்னது: "எனக்கு வேற கல்லு கிடைக்கும். அந்த இடத்துல வேற எதையும் எழுதவிடாதே."

ஆகஸ்டில் ஆசாத் சுருட்டிய ரப்பரோடு ஊர் திரும்பினார். கல் சென்னையில் கப்பலேறியது. அது கடலில் இருக்கும்போதே அங்கே வாக்கெடுப்பு நடந்தது. மை வைத்த விரலைப் படமெடுத்து அனுப்பியிருந்தார். நான் அதை எல்லோருக்கும் காட்டினேன். ரிசல்ட் வந்த அன்று செங்கல்ராயன் அண்ணன் என் அறைக்கு வந்தார்.

"இன்னாச்சி, ஜெயிச்சாங்களா?"

"ஜெயிச்சாங்கண்ணா. நூத்துல தொண்ணூறு பேருக்கு மேல வேணும்னு போட்டிருக்காங்க."

"அப்போ நாடு வந்துடுச்சி."

"வரலைண்ணா."

"ஓட்டு போட்டு ஜெயிச்சாங்கன்னு இப்பதானே சொன்னே?"

செய்தியில் வந்ததைச் சொன்னேன். பாக்தாத் அந்த வாக்கெடுப்பே செல்லாது என்றது. பக்கத்து நாடுகள் எல்லையை மூடுவோம் என்றன. பெரிய நாடுகள் இப்போது வேண்டாம் என்று முன்பே சொல்லியிருந்தன. எர்பிலுக்கு வெளிநாட்டு விமானம் நின்றது. மூன்று வருடமாகக் குர்துப் படைகளின் கையில் இருந்த கிர்குக்குக்குள் அக்டோபரில் ஈராக் ராணுவம் போனது. குர்துப் படைகள் பின்வாங்கின. ஆசாத்தின் அப்பா பிறந்த ஊர் கைவிட்டுப் போனது. ஆசாத்திடமிருந்து படம் வருவதும் நின்றது.

கல் நவம்பரில் போய்ச் சேர்ந்தது. வழியில் யாரும் பெட்டியைத் திறக்கவே இல்லை என்று ஏஜென்ட் சொன்னார். "அப்போ எழுதியே அனுப்பியிருக்கலாம்" என்றார் வசந்தா மேடம். அனுப்பியிருந்தால் திறந்திருப்பார்களோ என்னவோ. அதை யாராலும் சொல்ல முடியாது.

அடுத்த மாதம் ஒருநாள் காலையில் ஆசாத் வீடியோவில் கூப்பிட்டார். மைதானம் மாதிரி ஒரு கல்லறைத் தோட்டம், பின்னால் மொட்டை மலை. எங்கள் கல் நின்றுகொண்டிருந்தது. கண்ணாடிக் கடைக்காரர் ஒருவர் சின்ன கம்ப்ரசரை வண்டியில் கொண்டுவந்திருந்தார். அம்மா ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். ரப்பர் இன்னும் சுருட்டியபடி ஆசாத் கையில்தான் இருந்தது.

"நான் வேணாம்னு நினைக்கிறேன்" என்றார் என்னிடம். "அப்பாவுக்கு வாக்குக் கொடுத்தப்போ நிலைமை வேற. இப்போ கிர்குக்கும் இல்ல. இல்லாத நாட்டுப் பேரைக் கல்லுல வெட்டறது பொய் மாதிரி இருக்கு. வந்த பிறகு வெட்டிக்கலாம், இடம்தான் இருக்கே. நீங்க சொல்லுங்க, அந்த இடத்தை இன்னும் சில வருஷம் அப்படியே விட்டா பாலிஷ் கெடுமா?"

"கெடாது" என்றேன். அது உண்மை.

அவர் திரும்பி அதை அம்மாவிடம் சொன்னார் போலிருக்கிறது. அம்மா நாற்காலியிலிருந்து எழுந்திருக்கவில்லை. சத்தமும் போடவில்லை. நீளமாக ஒன்று சொன்னார். ஆசாத் அதை எனக்குத் தெலுங்கில் சொன்னார்.

"நாடு வந்த பிறகு யார் வேணும்னாலும் எழுதுவாங்களாம். அதுக்கு உன் அப்பா எதுக்கு உன்கிட்ட சொல்லிட்டுப் போகணும்னு கேக்கறாங்க."

அவர் ரப்பரைப் பிரித்தார்.

பிறகு வேலைதான். மணலைக் கையில் எடுத்துக் காட்டச் சொன்னேன். கண்ணாடிக்கு அடிக்கும் மாவு மாதிரி மணல். கிரானைட்டுக்கு அது போதாது, உப்புக்கல் மாதிரி சொரசொரப்பாக வேண்டும் என்றேன். கடைக்காரர் வண்டியில் தேடி இன்னொரு மூட்டை எடுத்தார். கல்லைத் துடைத்து, ஈரம் போக வெயிலில் விட்டு, மற்ற வரிகளுக்கு நேராகக் கயிறு பிடித்து ரப்பரை ஒட்டி, எழுத்து இருக்கும் இடத்தை ஊசியால் குத்தி எடுக்கச் சொன்னேன். சுற்றியிருந்த பாலிஷுக்கு மேல் கெட்டி அட்டை. பட்டறையில் என் பக்கத்தில் நின்ற செங்கல்ராயன் அண்ணன், "குழாயை நேரா நிமித்திப் புடிக்கச் சொல்லு, சாச்சி அடிச்சா எழுத்து ஒருபக்கமா சரியும்" என்றார். சொன்னேன். வசந்தா மேடம் எங்கள் பின்னால் வந்து நின்றுகொண்டார்.

கம்ப்ரசர் சத்தத்தில் போனில் எதுவும் கேட்கவில்லை. வெள்ளைப் புழுதிதான் தெரிந்தது. அது அடங்கியதும் கடைக்காரர் ரப்பரின் ஓரத்தைப் பிடித்து உரிக்கப் போனார். "உரிக்கவேணாம்னு சொல்லுங்க" என்று நான் கத்தினேன். ஆழம் பார்க்காமல் உரித்தால், திரும்ப அதே இடத்தில் ஒட்டமுடியாது. எழுத்துக்குள் நகத்தை விட்டுப் பார்க்கவேண்டும். நகம் விளிம்பில் மாட்டினால் போதும்.

ஆசாத் நகத்தை விட்டார். "மாட்டுது" என்றார்.

"அப்போ சரி. உரிக்கலாம்."

அதற்குள் அம்மா எழுந்து வந்துவிட்டார். மகனை விலக்கிவிட்டு அந்த வரிக்கு எதிரில் குந்தி உட்கார்ந்து, வலது ஓரத்திலிருந்து ஒவ்வொரு எழுத்தாக நகத்தை ஓட்டினார். கடைசி எழுத்து வரை போனார். பிறகு தலையை ஆட்டினார்.

"போதாதுன்னு சொல்றாங்க" என்றார் ஆசாத். "இன்னும் ஆழமா வேணுமாம்."

வழக்கமான ஆழம் வந்துவிட்டது என்று எனக்குத் தெரியும். அதற்கு மேல் போனால் சின்னக் குறிகளின் ஓரம் உதிர்ந்துபோகக்கூடும். நான் திரும்பி வசந்தா மேடத்தைப் பார்த்தேன். அவர் போனைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ரப்பரை எடுத்துட்டாங்களான்னு கேளு" என்றார்.

"எடுக்கல மேடம்."

"அப்போ அடிக்கச் சொல்லு."